குடிப்பதையா, விற்பதையா சட்டம் பிடிக்கிறது? மட்டக்களப்பு, அம்பாறைக்கு வருபவர்களுக்கு இலங்கையின் மதுச் சட்டம்

பள்ளிக்கூட விடுமுறைக்கு வெளிநாட்டுச் சொந்தக்காரர்கள் வந்து இறங்குகிற காலத்திலும், அலைச்சறுக்குக்குப் பெயர்போன அறுகம்பைக் கடற்கரையில் அலை ஏறுகிற காலத்திலும் இந்தக் கேள்வி எங்கள் பக்கத்தில் அடிக்கடி அடிபடும். ஆளுக்கொரு பதில் சொல்வார்கள். பௌர்ணமி விடுமுறையான போயாவன்று வீட்டுக்குள் குடித்தாலும் பொலிஸ் பிடிக்கும் என்பார் ஒருவர். வெளிநாட்டுப் பாஸ்போர்ட் இருந்தால் ஒன்றும் செய்யமாட்டார்கள் என்பார் இன்னொருவர். பதினெட்டு வயது வந்தால் போதும், பெண்களுக்குக் கொடுக்கவே மாட்டார்கள், கடற்கரை என்றால் எல்லாம் சரி என்று பட்டியல் நீளும். இவற்றில் சில பாதி உண்மை, சில முழுப் பொய். நம்பி நடப்பவர்கள்தான் விடுமுறையின் நடுவில் பொலிஸ் நிலையத்திலோ நீதிமன்றத்திலோ போய் நிற்கிறார்கள்.

யாரையும் குடிக்கச் சொல்லியோ குடிக்காதே என்று சொல்லியோ இதை எழுதவில்லை. சட்டம் எதைத் தொடுகிறது, எதைத் தொடாமல் விடுகிறது என்பது விளங்கினால் பெரும்பாலான குழப்பம் தீர்ந்துவிடும்.

ரூட் பெர்மிட் மாதிரி ஒரு சட்டம்

மட்டக்களப்பிலிருந்து கல்முனைக்கு ஓடும் ஒரு தனியார் பஸ்ஸை எடுத்துக்கொள்ளுங்கள். பஸ் சொந்தமாக இருக்கிறது என்பதற்காக ஆளை ஏற்றிக் காசு வாங்க முடியாது. அதற்கு ரூட் பெர்மிட் வேண்டும். எங்கிருந்து எங்கே ஓடலாம், எத்தனை மணிக்கு வெளிக்கிடலாம் என்று அந்தப் பெர்மிட்டில் இருக்கும். கல்முனைப் பெர்மிட்டை வைத்துக்கொண்டு திருகோணமலைக்கு ஆள் ஏற்ற முடியாது. பயணிக்குப் பெர்மிட் தேவையில்லை. ஆனால் பஸ்ஸுக்குள் அவர் சண்டை பிடித்தால் இறக்கிவிடுவார்கள்.

இலங்கையின் மதுச் சட்டமும் இப்படித்தான் கட்டப்பட்டிருக்கிறது. மதுபானத்தைத் தயாரிப்பதும் விற்பதும் அடிப்படையில் தடை. யாருக்கு அரசாங்கம் அனுமதிப்பத்திரம் கொடுத்திருக்கிறதோ அவர் மட்டும், அதில் சொன்ன இடத்தில், சொன்ன நேரத்தில், சொன்ன முறையில் விற்கலாம். வாங்கிக் குடிக்கும் வயதுவந்த ஆளுக்கு அனுமதிப்பத்திரம் எதுவும் வேண்டியதில்லை. சட்டம் அவரைத் தேடி வருவது வேறு காரணங்களுக்காக: வெறியில் பொது இடத்தில் கலாட்டா செய்தால், வண்டி ஓட்டினால், கள்ளச் சரக்கைக் கையில் வைத்திருந்தால்.

விதி எழுதப்படும் இடங்கள்

அடித்தளம் பழையது. 1912ஆம் ஆண்டின் 8ஆம் இலக்க மதுவரிக் கட்டளைச் சட்டம் வெள்ளைக்காரர் காலத்தில் வந்தது, இன்றும் நடைமுறையில் இருக்கிறது. மதுவரி என்பது மதுபானத்தின் மீது அரசாங்கம் அறவிடும் தனி வரி. அந்த வரியை வசூலிப்பதும், அனுமதிப்பத்திரம் கொடுப்பதும், கள்ள உற்பத்தியைப் பிடிப்பதும் மதுவரித் திணைக்களத்தின் வேலை. பொலிஸுக்கும் பிடிக்கும் அதிகாரம் இருப்பதால், உங்களை மறிப்பவர் காக்கிச் சட்டை போட்ட பொலிஸ்காரராகவும் இருக்கலாம், மதுவரி அதிகாரியாகவும் இருக்கலாம்.

இரண்டாவது, 2006ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டம். புகையிலை, மதுசாரம் பற்றிய தேசிய அதிகாரசபையை உருவாக்கியது இதுதான். வயது எல்லை, விளம்பரத் தடை எல்லாம் இதில் வருகின்றன. வீதியில் எங்கேயும் பியர் விளம்பரப் பலகை கண்ணில் படாததற்கு இந்தச் சட்டமே காரணம்.

மூன்றாவதுதான் ஆட்களைக் குழப்புகிறது. கடை திறக்கும் நேரம், மூடும் நாள், கட்டணம் போன்றவற்றை வர்த்தமானி அறிவித்தல் மூலம் மாற்றிவிடலாம். வர்த்தமானி என்பது அரசாங்கத்தின் அதிகாரபூர்வ அறிவித்தல் இதழ். அதற்காகப் பாராளுமன்றத்தில் புதுச் சட்டம் கொண்டுவர வேண்டியதில்லை. ஐந்து வருடத்துக்கு முன் வந்துபோன மைத்துனர் சொன்ன நேரம் இன்றைக்குச் சரியாக இருக்காமல் போவது இதனால்தான். நேரத்தையும் நாளையும் தங்கும் இடத்தில் ஒருமுறை கேட்டுக்கொள்வது நல்லது.

சுருக்கமாக, சட்டங்கள் அவ்வளவு இலேசில் மாறுவதில்லை, வர்த்தமானி மாறும். இரண்டுமே முதலில் விற்பவரைத்தான் பிடிக்கின்றன.

வைன் ஸ்டோர், ஹோட்டல், கெஸ்ட் ஹவுஸ்

தமிழ்நாட்டிலிருந்து வருபவர்களுக்கு முதலில் ஒன்று சொல்ல வேண்டும். அங்கே டாஸ்மாக் என்று அரசே கடை நடத்துகிறது. இங்கே கடைகள் தனியாருடையவை, அனுமதிப்பத்திரம்தான் அரசாங்கத்தினுடையது.

நாங்கள் வைன் ஸ்டோர் என்றும் பார் என்றும் சொல்கிற கடைக்குப் பெரும்பாலும் எஃப்.எல். 4 என்ற வகை அனுமதிப்பத்திரம் இருக்கும். சீல் உடைக்காத போத்தலைச் சில்லறையாக விற்கலாம், வாங்கியவர் கொண்டுபோய்விட வேண்டும் என்பது அதன் பொருள். அநேகமான கடைகளில் முன்னால் ஒரு கம்பி வலை இருக்கும். அதில் கை நுழையுமளவு ஓட்டை. காசை உள்ளே நீட்டினால் பத்திரிகைத் தாளில் சுற்றிய போத்தல் வெளியே வரும். கடை வாசலில் நின்று மூடியைத் திறக்க அந்த அனுமதிப்பத்திரத்தில் இடமில்லை. பக்கத்து ஒழுங்கையில் நின்று குடிப்பவர்களைப் பார்த்து அது அனுமதிக்கப்பட்டது என்று நினைத்துவிடாதீர்கள்.

இருந்து குடிப்பதற்கான அனுமதிப்பத்திரம் வேறு. பாசிக்குடாவின் பெரிய ஹோட்டல்களிலும் அறுகம்பையின் சில ரெஸ்டோரன்ட்களிலும் அது இருக்கும். எல்லா இடத்திலும் இருக்காது. கடலைப் பார்த்து மேசை போட்டிருப்பதாலும், வெள்ளைக்காரர்கள் இருப்பதாலும் மட்டும் ஒரு கடைக்கு அனுமதிப்பத்திரம் இருப்பதாக ஆகிவிடாது. பியரைத் தேநீர்க் கோப்பையில் ஊற்றிக் கொண்டுவந்தால், பில்லில் சோடா என்று எழுதியிருந்தால், அங்கே அனுமதிப்பத்திரம் இல்லை என்று வைத்துக்கொள்ளலாம். சோதனைக்கு வந்தால் முதலில் மாட்டுவது கடைக்காரர்தான். ஆனாலும் வாக்குமூலம், காத்திருப்பு என்று உங்கள் நாளும் போய்விடும்.

வீட்டில் அறை வாடகைக்கு விடுபவர்களுக்கு இதைக் கொஞ்சம் அழுத்திச் சொல்கிறேன், எங்கள் ஆட்கள் பலர் தெரியாமல் மாட்டிக்கொள்வது இங்கேதான். விருந்தினர் தானே வாங்கிவந்த போத்தலை அறைக்குள் குடிப்பது விற்பனை அல்ல. நீங்கள் குளிர்சாதனப் பெட்டியில் பத்து பியர் வாங்கி வைத்து, காலையில் கணக்கில் சேர்த்தால் அது விற்பனை. இலாபம் வைக்கவில்லை, வாங்கின விலைக்கே கொடுத்தேன் என்று சொல்வது உங்களைக் காப்பாற்றாது. காசு கைமாறியதும் அனுமதிப்பத்திரம் எங்கே என்ற கேள்வி வந்துவிடும்.

போயா தினம்

ஒவ்வொரு பௌர்ணமியும் இலங்கையில் பொது விடுமுறை. அரச நாட்காட்டியில் முழு நோன்மதி தினம் என்று போட்டிருக்கும், பேச்சில் போயா. பௌத்தர்களுக்குப் புனிதமான அந்த நாளில் மது விற்பனை நாடு முழுவதும் நிறுத்தப்படுகிறது. இறைச்சிக் கடைகளும் மூடியிருக்கும். மட்டக்களப்பில் பௌத்தர்கள் குறைவு, இங்கே பொருந்தாது என்று நினைக்க வேண்டாம். அம்பாறை நகரத்துக்கும் ஆரையம்பதிக்கும் விதி ஒன்றுதான்.

நிறுத்தப்படுவது விற்பனை. முதல் நாள் வாங்கி வைத்த போத்தலை உங்கள் அறைக்குள் சத்தமில்லாமல் திறப்பதை அந்த விதி தொடவில்லை. அதனால்தான் போயாவுக்கு முதல் நாள் பின்னேரம் வைன் ஸ்டோர் வாசலில் கூட்டம் வீதிவரைக்கும் நிற்கும். ஆனால் அந்தக் கூட்டத்தில் நிற்கும் எல்லோரும் தங்களுக்காக வாங்குவதில்லை. இருபது, முப்பது கால் போத்தல்களை வாங்கி அடுத்த நாள் கூடிய விலைக்கு விற்பவர்களும் அதில் உண்டு. “சாமான் இருக்கு மச்சான், எத்தினை வேணும்?” என்று போயாவன்று யாராவது கேட்டால், அது அனுமதிப்பத்திரமும் இல்லாத, நாளும் தடையான விற்பனை. மதுவரி அதிகாரிகள் அன்றைக்குத்தான் தேடித் திரிவார்கள்.

போயா மாதத்துக்கு ஒன்று, அபூர்வமாக ஒரே மாதத்தில் இரண்டு வரும். திகதி மாறிக்கொண்டே இருக்கும் என்பதால் டிக்கெட் போடும்போதே இலங்கை நாட்காட்டியைப் பார்த்துவிடுங்கள். மே மாதத்து வெசாக்கிலும் ஜூன் மாதத்துப் பொசனிலும் கட்டுப்பாடு இன்னும் இறுக்கம், வெசாக்கில் ஒன்றுக்கு மேற்பட்ட நாள் மூடுவது வழக்கம். சித்திரைப் புத்தாண்டு, சுதந்திர தினம், அக்டோபர் 3 மது ஒழிப்பு தினம், நத்தார், தேர்தல் நாட்கள் என்று மூடும் நாட்கள் வேறும் உண்டு. போயா அல்லாத இப்படியான சில நாட்களில் சுற்றுலாத்துறை அங்கீகரித்த ஹோட்டல்களுக்கு விலக்குக் கொடுப்பதும் உண்டு. அந்தந்த முறை வரும் அறிவித்தலைப் பொறுத்தது அது.

கல்யாண வீட்டுக்கு நாள் பார்ப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். ஹோல் எடுத்து, வெளிநாட்டிலிருந்து ஐம்பது பேர் வந்து இறங்கிய பிறகு, வரவேற்பு நாள் போயாவில் விழுந்தது தெரிந்தால் ஒன்றும் செய்ய முடியாது.

வயது 21. பெண்கள்?

2006ஆம் ஆண்டுச் சட்டப்படி 21 வயதுக்குக் குறைந்தவருக்கு மதுபானம் விற்கக்கூடாது. இங்கிலாந்தில் பதினெட்டில் சட்டப்படி வாங்கிய பிள்ளைக்கு இங்கே கொடுக்கமாட்டார்கள். சொந்த நாட்டில் என்ன வயது என்பதை இந்தச் சட்டம் பார்ப்பதில்லை. இளமையாகத் தெரிபவர்கள் கடவுச்சீட்டின் பிரதியையாவது வைத்திருப்பது நல்லது. “தம்பி, ஓடிப்போய் ஒரு பியர் வாங்கிட்டு வா” என்று பதினாறு வயதுப் பொடியனை அனுப்பும் பழக்கம் எங்கள் வீடுகளில் இன்னும் இருக்கிறது. தயவுசெய்து அதை விட்டுவிடுங்கள். கடைக்காரர் குற்றவாளியாகிறார் என்பது ஒரு பக்கம், அந்தப் பொடியனுக்குக் கடையின் வழியை நாங்களே காட்டிக்கொடுக்கிறோம் என்பது மறுபக்கம்.

பெண்கள் விஷயத்துக்கு நீண்ட வரலாறு உண்டு. மதுபானக் கடைகளில் பெண்களுக்கு விற்பதையும், மதுபான உற்பத்தி, விற்பனை இடங்களில் பெண்கள் வேலை செய்வதையும் பழைய ஓர் அறிவித்தல் கட்டுப்படுத்தியது. 2018 ஜனவரியில் நிதியமைச்சராக இருந்த மங்கள சமரவீர அந்தத் தடையை நீக்கினார். சில நாட்களுக்குள் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன அதைத் திரும்பப் பெறச் சொன்னார். அடிப்படை உரிமை மீறல் என்று பெண்கள் உயர் நீதிமன்றத்துக்குப் போனார்கள். சட்டத்தைவிட வர்த்தமானிதான் ஆட்டுவிக்கிறது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் இல்லை. அந்தத் தடை எழுத்தில் இருந்த காலத்திலும் சுற்றுலா ஹோட்டல்களில் பெண்களுக்குப் பரிமாறுவது வழமையாகவே இருந்தது. ஊர் வைன் ஸ்டோரில் சட்டத்துக்கு முன்னால் ஊரின் பார்வை வந்து நிற்கும். ஒரே போத்தலை வாங்க ஆணுக்கு ஒரு விதி, பெண்ணுக்கு ஒரு விதி என்பது நியாயமில்லை என்பது என் எண்ணம்.

விலை ஏன் இவ்வளவு?

கடையில் விலையைக் கேட்டுத் திகைக்காதவர் இல்லை. காரணம் வரி. ஒரு பானத்துக்குள் தண்ணீரும் மற்றவையும் நீங்கலாக இருக்கும் சுத்தமான மதுசாரத்தின் அளவை வைத்து அந்த வரி கணக்கிடப்படுகிறது.

750 மில்லிலீற்றர் போத்தல் தென்னஞ் சாராயத்தில் 33.5 சதவீதம் மதுசாரம் இருந்தால், உள்ளே இருக்கும் சுத்த மதுசாரம் ஏறத்தாழ 251 மில்லிலீற்றர். 625 மில்லிலீற்றர் பியர்ப் போத்தல் 5 சதவீதம் என்றால் 31 மில்லிலீற்றர். அதே அளவுப் போத்தலில் 8.8 சதவீதக் கடும் பியர் என்றால் 55 மில்லிலீற்றர். ஒரே அளவுப் போத்தல்தானே என்று இரண்டையும் ஒன்றாக எடை போட்டுக் குடிப்பவர்கள் இந்த வித்தியாசத்தைக் கவனிக்க வேண்டும். பானத்தின் வகையைப் பொறுத்து வரி வீதமும் மாறும். வரி கட்டிய போத்தலில் மதுவரித் திணைக்களத்தின் பாதுகாப்பு ஸ்டிக்கர் ஒட்டியிருக்கும். கடையில் வாங்கும்போது அது கிழியாமல் இருக்கிறதா என்று பாருங்கள். விமான நிலையத்தில் வாங்கிவந்த போத்தலுக்கு அந்தப் பற்றுச்சீட்டைத் தூக்கிப் போடாமல் வைத்திருங்கள்.

ஊருக்கு ஊர்

சட்டம் நாடு முழுவதும் ஒன்று, ஊர்கள் ஒன்றல்ல. காத்தான்குடி, ஏறாவூர், ஓட்டமாவடி, சாய்ந்தமருது, நிந்தவூர், அக்கரைப்பற்று போன்ற முஸ்லிம் ஊர்களில் மதுபானக் கடையைத் தேட வேண்டாம். அந்த வீதிகளில் கையில் பியர் டின்னோடு நடப்பது அங்குள்ளவர்களின் மனதை நோகடிக்கும். பொத்துவிலும் முஸ்லிம்கள் அதிகம் வாழும் ஊர். அறுகம்பைக் கடற்கரை அதன் ஓரத்தில்தான் இருக்கிறது என்பதைச் சுற்றுலாக்காரர்கள் சுலபமாக மறந்துவிடுகிறார்கள்.

தமிழ்க் கிராமங்களிலும் காலம் பார்க்க வேண்டும். வைகாசியில் கண்ணகி அம்மன் சடங்கு நடக்கும்போது ஊரே நோன்பு காக்கும். அலை நல்லாக இருக்கும் அதே மாதங்களில்தான் கதிர்காமப் பாதயாத்திரைக்காரர்கள் பொத்துவில் தாண்டி உகந்தைக்கு நடந்து போகிறார்கள். அவர்கள் தங்கும் இடத்துப் பக்கம் போத்தலோடு போக வேண்டாம். வெறியில் பொது இடத்தில் முறைகேடாக நடந்தால் தண்டனைச் சட்டத்தில் அதற்குத் தனிக் குற்றமே இருக்கிறது. கல்லடிக் கடற்கரையும் பாசிக்குடாவும் பிள்ளைகள் வெறுங்காலோடு ஓடும் இடங்கள். உடைந்த போத்தல் ஒன்று மணலுக்குள் போனால் பிறகு கண்டுபிடிக்க முடியாது.

வண்டியில் ஏறும் முன்

அறுகம்பையில் ஸ்கூட்டியையும் ஓட்டோவையும் வாடகைக்கு எடுத்துத் தாங்களே ஓட்டுபவர்கள் கூடிவிட்டார்கள். மோட்டார் வாகனச் சட்டம் வைத்திருக்கும் எல்லை, 100 மில்லிலீற்றர் இரத்தத்தில் 80 மில்லிகிராம் மதுசாரம். எத்தனை கிளாஸில் அந்த எல்லை வரும் என்று என்னிடம் கேட்காதீர்கள். உடல் எடை, சாப்பாடு, குடித்த வேகம் எல்லாம் ஆளுக்கு ஆள் வேறு. வீதியில் மறித்து ஊதச் சொல்வார்கள். பலூன் ஊதுவது என்று ஊரில் சொல்வது இதைத்தான். மாட்டினால் வழக்கு நீதிமன்றத்துக்குப் போகும், தண்டப்பணமும் உண்டு, சாரதி அனுமதிப்பத்திரமும் நிறுத்தப்படலாம். காரோ, மோட்டார் சைக்கிளோ, ஓட்டோவோ, விதி ஒன்றுதான். இரவில் எங்கள் வீதிகளில் மாடுகள் படுத்திருக்கும், விளக்கில்லாத சைக்கிள்கள் வரும், பாணமைப் பக்கம் யானையும் வரும். இருநூறு, முந்நூறு ரூபாய் கூடப் போனாலும் ஓட்டோக்காரரைக் கூப்பிடுங்கள்.

கள்ளும் கசிப்பும்

இதுவரை சொன்னதில் பெரும்பாலும் விற்பவர்தான் முன்னால் நின்றார். இங்கே நிலைமை மாறுகிறது.

தென்னை, பனையின் பாளையைச் சீவிவிட்டு முட்டி கட்டினால் இனிப்பான சாறு வடியும். முட்டிக்குள் சுண்ணாம்பு தடவியிருந்தால் அது புளிக்காமல் பதநீராக இருக்கும். சுண்ணாம்பு இல்லையென்றால் காற்றிலுள்ள ஈஸ்ட் என்ற நுண்ணுயிர்கள் சீனியைத் தின்று மதுசாரமாக்கத் தொடங்கும். காலையில் இறக்கியது மத்தியானத்துக்குள் கள்ளு. மரம் ஒன்று, சாறு ஒன்று, சுண்ணாம்பு மட்டும்தான் வித்தியாசம், ஆனால் சட்டத்தின் முன் இரண்டும் வேறு பொருள். கள்ளுச் சீவவும் விற்கவும் அனுமதி வேண்டும். அனுமதி பெற்ற விற்பனை இடம்தான் கள்ளுத் தவறணை. ஊர்க் கள்ளைச் சுவைக்க ஆசைப்படுபவர்கள் அங்கே போகலாம்.

கசிப்பு முற்றிலும் வேறு. சீனியையும் ஈஸ்ட்டையும் ஊற வைத்து, பற்றைக் காட்டுக்குள்ளும் களப்போரக் கண்டல் மறைவிலும் பீப்பாயில் காய்ச்சி வடிப்பது. இதைக் காய்ச்சுவதும் விற்பதும் மட்டுமல்ல, கையில் வைத்திருப்பதும் குற்றம். குடிக்கத்தான் வைத்திருந்தேன் என்ற பதில் இங்கே செல்லாது.

சட்டத்தைவிடப் பெரிய பயம் உடலைப் பற்றியது. கள்ளச் சாராயத்தில் மெதனோல் கலந்திருக்கலாம். மெதனோல் என்பது தொழிற்சாலைகளில் பயன்படும் ஒரு நச்சு மதுசாரம். நாக்கால் அதைப் பிரித்தறிய முடியாது. உடலுக்குள் போனதும் ஈரல் அதை ஃபோமிக் அமிலமாக மாற்றுகிறது, அந்த அமிலம் கண் நரம்பைத் தாக்குகிறது. குடித்த உடனே வித்தியாசம் தெரியாமல், பல மணி நேரம் கழித்துத் தலையிடி, வாந்தி, வயிற்று வலி, கண் மங்கல், மூச்சு வாங்குதல் என்று தொடங்கலாம். வெறி இன்னும் இறங்கவில்லை என்று படுக்க வைத்துவிடுவதுதான் வீட்டுக்காரர்கள் செய்யும் பெரிய தவறு. கண் மங்குகிறது என்று ஒருவர் சொன்னால் விடியும்வரை பார்க்க வேண்டாம். 1990 என்ற இலக்கத்துக்கு அடித்தால் சுவசெரிய அம்பியூலன்ஸ் இலவசமாக வரும். ஆஸ்பத்திரியில் என்ன குடித்தார், எப்போது குடித்தார் என்பதை ஒளிக்காமல் சொல்லுங்கள், போத்தலில் மிச்சம் இருந்தால் அதையும் கொண்டுபோங்கள். மெதனோலுக்கு மாற்று மருந்து உண்டு, ஆனால் நேரத்தோடு கொடுக்க வேண்டும்.